நிலாவரையில் போட்ட தேசிக்காய்

புத்தூரில் பிறந்த ஒருவர் நிலாவரைக் கிணற்றைப் பற்றி ஒரு பொய்யாவது சொல்லாமல் அறுபது வயதைத் தாண்டுவது கடினம். அடி காண முடியாத கிணறு. அதில் ஒரு தேசிக்காயை, அதாவது எலுமிச்சையை, போட்டால் அது நிலத்துக்கடியால் போய்க் கீரிமலைக் கேணியில் மிதக்கும் என்பது ஊரறிந்த சங்கதி. அது அத்திவாரம். அதன்மேல் அவரவர் வசதிக்கேற்ப மாடி கட்டிக்கொள்வார்கள். ஒருவருடைய பாட்டனாரின் நாம்பன் மாடு வைகாசியில் கால் தவறி உள்ளே விழுந்து, ஆனி கடைசியில் கீரிமலையில் கரையேறியதாம், கொம்பில் பாசியும் முகத்தில் கடல் கண்ட பெருமையுமாக. இன்னொரு வீட்டில், கலியாணத்தன்று நழுவி விழுந்த மாப்பிள்ளையின் மோதிரத்தைக் கீரிமலையில் ஒரு ஐயர் கண்டெடுத்து, விலாசம் விசாரித்து விசாரித்துக் கொண்டுவந்து சேர்க்கும்போது மாப்பிள்ளைக்குப் பேரன் பிறந்திருந்தானாம். பேரனின் சுண்டுவிரலுக்கு மோதிரம் கச்சிதமாக இருந்தது என்பதையும் சேர்த்துச் சொல்வார்கள்.

நடராசா மட்டும் எதையும் சேர்த்துச் சொன்னதில்லை. அவருடைய உத்தியோகமே கிணறுகளுக்குள் அளவுநாடா விடுவதுதான். வலிகாமத்தில் குறித்து வைத்த நாற்பத்திரண்டு கிணறுகளுக்கு மாதமொரு முறை சைக்கிளில் போய், தண்ணீர் எத்தனை அடியில் நிற்கிறது, எவ்வளவு உப்பு என்று பார்த்துக் கந்தோர் மேலதிகாரிகளுக்கு எழுதிக் கொடுக்க வேண்டும். நாற்பத்திரண்டில் நிலாவரையும் ஒன்று.

"சுண்ணாம்புக் கல்லுக்குள்ளாலை தண்ணிக்குத் தொடர்பு இருக்கலாம். தேசிக்காய் போற அளவுக்குப் பொந்து இருக்கெண்டதுக்கு ஆதாரம் இல்லை" என்பார். இதைக் கலியாண வீட்டுப் பந்தியிலும் சொல்வார். ஆகையால் கலியாண வீடுகளில் அவருக்குப் பக்கத்துக் கதிரை பெரும்பாலும் வெறுமையாகவே இருக்கும்.

அந்த மனிதருக்குத்தான் கோப்பாயிலிருந்து உதயகலா வாழ்க்கைப்பட்டு வந்தாள். எண்பத்து நாலாம் ஆண்டு வைகாசியில் கலியாணம். ஆடிப்பிறப்பன்று காலையில் கூழ் காய்ச்சிக் கொழுக்கட்டை அவித்து வைத்துவிட்டு, கையில் ஒரு தேசிக்காயுடன் வந்து நின்றாள்.

"இஞ்சாருங்கோ, என்னை நிலாவரைக்குக் கூட்டிக்கொண்டு போங்கோ."

"என்னத்துக்கு?"

"உந்தத் தேசிக்காயைப் போட. பிறகு கீரிமலைக்குப் போய்ப் பார்த்துக்கொண்டு இருப்பம்."

புது மனைவி கேட்கிறாள். சைக்கிளை எடுத்தார். நிலாவரைப் படியில் நின்று அவள் போட்ட தேசிக்காய், தேசிக்காய்களின் வழக்கப்படி, மிதந்தது.

"பார்த்தீரோ? மிதக்குது. மிதக்கிற சாமான் எப்பிடி அடியாலை போகும்?"

"ஆக்கள் பார்க்கேக்கை அது போகாது. வெக்கம். திரும்பி நில்லுங்கோ."

நடராசா திரும்பி நின்றார். இருபத்தெட்டு வயது அரசாங்க உத்தியோகத்தர், வெட்டவெளியில், ஒரு தேசிக்காயின் மானத்தைக் காப்பாற்றுவதற்காக வயல் பக்கம் பார்த்துக்கொண்டு. தெருவால் தெரிந்தவர்கள் எவரும் போகக் கூடாதே என்பதுதான் அப்போது அவருடைய முழுப் பிரார்த்தனையும்.

கீரிமலையில் ஒரு சிக்கல் இருந்தது. அங்கே ஆண்களுக்கு ஒரு கேணி, பெண்களுக்கு ஒரு கேணி. தேசிக்காய் எந்தக் கேணியில் வரும் என்று யாருக்குத் தெரியும்? ஆகவே உதயகலா பெண்கள் கேணிப் படியில் காலைத் தண்ணீருக்குள் விட்டுக்கொண்டு காவலிருந்தாள். ஆண்கள் கேணி நடராசாவின் பொறுப்பு. அவர் போகும் வழியில் சுன்னாகத்தில் வாங்கிய பேப்பரை விரித்து, முதற்பக்கத்திலிருந்து மரண அறிவித்தல் வரைக்கும் வாசித்தார். பொழுதுபட இருவரும் வெளியே சந்தித்தார்கள்.

"என்ரை பக்கம் வரேல்லை. உங்கடை பக்கம்?"

"நான் பேப்பர் பார்த்துக்கொண்டு இருந்தன்."

அவள் கோவிக்கவில்லை. முகம் விரிந்தது.

"அப்ப வந்து போயிருக்கும்" என்றாள்.

அதுதான் முதல் வருடம். பிறகு ஒவ்வொரு ஆடிப்பிறப்புக்கும் அதுவே நடந்தது. அதே தேசிமரத்துக் காய், அதே திரும்பி நிற்றல், அதே பேப்பர். அடுத்த மாதம் அளக்கப் போகும் நடராசா, கிணற்றைத் துப்புரவு செய்கிறவன் தேசிக்காயை வலையால் அள்ளிக் கரையில் எறிந்திருப்பதைக் கண்டு வந்து மனைவியிடம் நேர்மையாகச் சொல்வார். "அது வேறை ஆரும் போட்டதாயிருக்கும்" என்று அவள் வெங்காயம் உரித்துக்கொண்டிருப்பாள்.

தேசிக்காயோடு மட்டும் விட்டிருந்தால் பரவாயில்லை. அவள் பப்பாசிப் பழத்துக்குக் கண் கீறி, மை தீட்டி, வெட்டுவதற்கு முன் அதனிடம் மன்னிப்புக் கேட்பாள். குசினி யன்னலால் விழும் வெயில் எந்தத் தேதியில் எந்தச் சட்டியைத் தொடும் என்று கரிக்கட்டியால் சுவரில் குறித்து வைத்திருந்தாள். பின்னேரங்களில் நடராசா சைக்கிளைச் சாத்த முன்னமே கேட்பாள்:

"இண்டைக்குக் கிணறுகள் என்ன சொல்லுதாம்?"

"நீர்வேலி பதினெட்டடி நாலங்குலம். அச்செழு இருபத்திரண்டு."

"நீர்வேலிக்கு என்ன கோவம்? போன மாதம் பதினாறிலை நிண்டதெல்லே."

"வெங்காயத்துக்கு இறைச்சிருப்பினம்."

"இல்லை. பக்கத்துக் காணியிலை புதுசா ஒரு கிணறு வெட்டினவை. அதுதான் உள்ளுக்கை போய் இருக்குது, கதைக்காமல்."

"ஓம் ஓம். முதல்ல சாப்பிடும், சோறு ஆறுது" என்பார் நடராசா.

இந்த வசனத்தை அவர் முப்பத்தெட்டு வருடம் சொல்லியிருக்கிறார். சுவர் வெயிலுக்கும் இதுதான், பப்பாசிக்கும் இதுதான். கடுமையாகச் சொன்னதில்லை. காய்ச்சல்காரப் பிள்ளைக்கு ஈரத்துணி போடுகிற பதத்தில் சொல்வார். "ஓம் ஓம்" என்ற இரண்டு சொற்கள் சேர்ந்தால் ஒரு கதவைச் சத்தமில்லாமல் சாத்தலாம் என்பது அவருக்குத் தெரியாது.

ஒரே ஒரு நாள், நீர்வேலிக் கிணற்றில் நாடாவை விட்டுவிட்டுக் கீழே பார்த்தபோது, தன்னுடைய முகம் வட்ட வானத்துக்கு நடுவில் சின்னதாகத் தெரிய, "என்ன கோவம்?" என்று கேட்கலாமா என்று அவருக்குத் தோன்றியது உண்மை. வாய் திறந்தும் விட்டார். அப்போது ஒரு பெண் வாளியோடு வந்தாள். நடராசா உடனே, "பதினேழடி ஒன்பதங்குலம்" என்று கிணற்றைப் பார்த்து உரத்துச் சொல்லிக் கொப்பியில் எழுதிக்கொண்டார். அந்தப் பெண் வராதிருந்தால் என்ன நடந்திருக்கும் என்று இந்த வயதில் அவர் சில நேரம் யோசிப்பதுண்டு.

தொண்ணூறில் சண்டை வந்து கீரிமலைப் பக்கம் இராணுவ முகாமுக்குள் அடைபட்டது. அந்தப் பக்கத்துச் சனமெல்லாம் எழும்பி வந்துவிட்டது. இனி இந்தக் கூத்து நிற்கும் என்று நடராசா நினைத்தார். உதயகலா நிறுத்தவில்லை. கிணறு இந்தப் பக்கம்தானே இருக்கிறது என்று வருடாவருடம் போட்டாள். "அங்கை எடுக்க ஆளில்லாமல் கேணி முழுக்கத் தேசிக்காயா நிண்டு மிதக்கும். பாஸ் எடுக்காமல் முகாமுக்குள்ளை போயிருக்குதுகள், பிடிச்சு விசாரிச்சாலும் விசாரிப்பினம்" என்று சொல்லிச் சிரிக்க வைப்பாள். பதுங்குகுழிக்குள் ஒதுங்கியிருந்த அயலட்டைப் பிள்ளைகளுக்கு அந்தத் தேசிக்காய்கள் காவலரணில் என்ன என்ன கேள்விக்கு என்ன என்ன பதில் சொல்லின என்று அவள் கதைத்தபோது, வெளியே ஷெல் விழுகிற சத்தத்துக்குள்ளும் பிள்ளைகள் விக்கி விக்கிச் சிரித்தார்கள். நடராசா குழியின் ஒரு மூலையில் இருந்து, ஷெல் விழுகிற இடைவெளியைச் செக்கனில் எண்ணிக்கொண்டிருந்தார்.

சண்டை முடிந்து, பாதை திறந்து, மறுபடியும் கீரிமலைக்குப் போக விட்டார்கள். மகள் கோபிகா அதற்குள் கலியாணம் முடித்து ரொறன்ரோவுக்குப் போய்விட்டாள். இவர்கள் இரண்டுபேரும் மோட்டார் சைக்கிளில் போனார்கள். அவள் பெண்கள் கேணிக்கு, அவர் பேப்பரோடு ஆண்கள் கேணிக்கு.

"உங்கடை பக்கம்?"

"பேப்பர் பார்த்துக்கொண்டு இருந்தன்."

"அப்ப வந்து போயிருக்கும்."

பென்சன் எடுத்த பிறகும் அது நடந்தது. பெற்றோல் இல்லாத அந்த வருடம் வரை நடந்தது.

அந்த ஆனியில் உதயகலா கிணற்றடியில் வழுக்கி விழுந்து வலது கால் முறிந்து, கட்டுப் போட்டுக் கட்டிலில் கிடந்தாள். நாடு முழுக்கப் பெற்றோல் இல்லை, பால்மா இல்லை, காஸ் இல்லை. ஆடிப்பிறப்பன்று காலையில் அவள் தலையணைக்குக் கீழேயிருந்து ஒரு தேசிக்காயை எடுத்து நீட்டினாள்.

"இந்த முறை நீங்கள்தான் போகவேணும். போட்டிட்டுத் திரும்பி நில்லுங்கோ. பிறகு கீரிமலை. சைக்கிள்தானே, ஆறுதலாப் போங்கோ."

"அறுபத்தாறு வயசிலை, இந்த வெயிலுக்கையோ?"

"அங்கை எனக்கெண்டு பார்க்க வேறை ஆள் இல்லை" என்றாள்.

நடராசா தேசிக்காயைச் சேட்டுப் பொக்கற்றில் போட்டுக்கொண்டு போனார். போகவேண்டும் என்றுதான் போனார். நிலாவரையடியில் கஜானன் நின்றான். அவருடைய கதிரைக்கு வந்தவன். கையில் நாடாவுக்குப் பதிலாக எலக்ட்ரோனிக் கருவி. பக்கத்தில் பயிற்சிக்கு வந்த இரண்டு பெண்பிள்ளைகள்.

"சேர்! என்ன இந்தப் பக்கம்?"

"சும்மா."

கஜானனின் கண் பொக்கற்றில் நின்றது. "என்ன சேர், தேசிக்காயோ?"

தேசிக்காயைப் போட வந்தேன் என்று சொல்ல வேண்டியதுதானே. நாற்பத்திரண்டு கிணறு அளந்த மனிதர், ஆதாரமில்லை என்று கலியாணப் பந்தியில் சொன்ன மனிதர், அந்தப் பெண்பிள்ளைகளின் முன்னால் எப்படிச் சொல்வார்?

"தேத்தண்ணிக்கு" என்றார்.

"அப்ப வாங்கோ, நாங்களும் குடிக்கத்தான் வெளிக்கிட்டனாங்கள்."

ஒரு பொய்க்கு மரியாதை செய்ய வேண்டியிருந்தது. சந்தித் தேத்தண்ணிக் கடையில் கஜானனே அவருடைய பொக்கற்றிலிருந்து தேசிக்காயை எடுத்துக் கடைக்காரரிடம் கொடுத்தான். கடைக்காரர் அதைத் திருப்பிப் பார்த்து, "பூச்சி குத்தியிருக்குப் போலை" என்றார். தோலில் சின்னச் சின்னத் துளைகள். நடராசா கண்டார், கவனிக்கவில்லை. நாலு வெறுந்தேத்தண்ணிக்கும் அந்த ஒரு தேசிக்காய் போதுமாக இருந்தது. கஜானன் பழைய கிணறுகளைப் பற்றி மரியாதையோடு கேட்டான். யாராவது தன்னிடம் ஏதாவது கேட்டு ஆறு வருடமாகியிருந்தது. மத்தியானம் வரை கதைத்தார். பிறகு பெற்றோல் வரிசையில் நின்ற பழைய சிநேகிதர்களோடு பொழுதுபடும்வரை இருந்தார்.

வீட்டில் உதயகலா கட்டிலில் நிமிர்ந்து இருந்தாள். தலை வாரிப் பொட்டு வைத்திருந்தாள்.

"போட்டியளோ?"

"ஓம்."

"கீரிமலைக்குப் போனியளோ?"

"ஓம்."

"பேப்பர் பார்த்தியளோ?"

இந்தக் கேள்வியில் அவருக்கு ஒரு ரோஷம் வந்தது. படுக்கையில் கிடக்கிறவள் சொல்லி அனுப்பிய காரியத்தை ஒழுங்காகச் செய்தவர் போலக் காட்டிக்கொள்ள வேண்டும் என்ற ரோஷம்.

"இல்லை. முழுக்கப் பார்த்துக்கொண்டுதான் இருந்தன்."

"வந்ததோ?"

போடாத தேசிக்காயைப் போட்டதாகச் சொல்லியாயிற்று. இருக்காத கேணிப் படியில் இருந்ததாகச் சொல்லியாயிற்று. இவ்வளவுக்கும் வாய் வந்தது. மூன்றாவதையும் சேர்த்து, "ஓம், வந்தது, பெடியன் ஒருத்தன் எடுத்துக்கொண்டு ஓடியிட்டான்" என்று சொல்லியிருக்கலாம். புத்தூரில் நாலு வயதுப் பிள்ளைகூடச் சொல்லும். நடராசாவுக்கு ஆதாரமில்லாததைச் சொல்லிப் பழக்கமில்லை.

"வரேல்லை" என்றார்.

உதயகலா அவரைப் பார்த்தாள். "சரி" என்றாள். பொட்டைத் துடைக்காமலே சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள்.

வேறு யாராவது வரேல்லை என்று சொல்லியிருந்தால் அவள் கேட்டுச் சிரித்திருப்பாள். ஊரார் வாயிலிருந்து வருவதைப் பத்தால் பிரித்து எடுத்துக்கொள்ளத் தெரிந்தவள்தான். ஆனால் இது நடராசாவின் வாய். நடராசா பேப்பர் பார்க்காமல், காலையிலிருந்து பொழுதுபடும்வரை, கண் வைத்துப் பார்த்து, வரேல்லை என்று சொன்னால் வரவில்லை. அதற்குமேல் தேசிக்காய் எங்கே போகும்?

கால் நாலு மாதத்தில் சுகமாயிற்று. கொஞ்சம் சாய்த்து நடந்தாள், அவ்வளவுதான். பப்பாசியை வெட்டுவதற்குமுன் ஒன்றும் கேட்பதில்லை. குசினிச் சுவருக்குச் சுண்ணாம்பு அடித்தபோது கரிக்கோடுகள் போயின, மறுபடி கீறவில்லை. அடுத்த ஆடிப்பிறப்புக்குக் கூழ் காய்ச்சினாள், கொழுக்கட்டை அவித்தாள். நடராசா வெளிக்கிட்டு, மோட்டார் சைக்கிளைத் துடைத்து, காற்றுப் பார்த்து, விறாந்தையில் காத்துக்கொண்டிருந்தார். பத்து மணிபோல உள்ளே எட்டிப் பார்த்தார்.

"தேசிக்காய்?"

"இந்த முறை நல்ல காய். ஊறுகாய் போட்டிட்டன்" என்றாள்.

அதற்கடுத்த வருடமும் ஊறுகாய். அலுமாரித் தட்டில் போத்தல்கள் வரிசையாக நின்றன, ஒவ்வொன்றிலும் தேதி எழுதி ஒட்டி, கந்தோர் ஒழுங்கில். பின்னேரங்களில் அவள் கேட்பது, "சோறோ, புட்டோ?" மட்டும்தான். இத்தனை காலமும் இப்படி ஒரு ஒழுங்கான மனைவி வேண்டும் என்றுதானே நினைத்தாய் என்று யாராவது கேட்டிருந்தால் நடராசா என்ன சொல்லியிருப்பாரோ. வீடு அளந்து முடித்த கிணறுபோலக் கிடந்தது.

மூன்றாம் வருடம், அதாவது இந்த வருடம், அவர் ஒரு முடிவுக்கு வந்தார். தேசிக்காயை வர வைக்க வேண்டும். மூன்று வருடம் தாமதமாகக் கீரிமலையில் கரையேறியது என்று சொல்லி ஒன்றைக் கொண்டுவந்து கொடுக்க வேண்டும். மாடு ஒரு மாதம் எடுத்தது, மோதிரம் ஒரு தலைமுறை எடுத்தது, தேசிக்காய் மூன்று வருடம் எடுத்தால் என்ன?

அப்போதுதான் அந்தத் துளைகள் ஞாபகத்துக்கு வந்தன. பூச்சி குத்தியதல்ல. அடையாளம். என்ன அடையாளம்? முப்பத்தெட்டு வருடம் அவள் பக்கத்தில் நின்று, ஒருநாளாவது தேசிக்காயை வாங்கித் திருப்பிப் பார்த்தாரா? அரை அங்குலம் பிசகாமல் தண்ணீரை அளந்தவர். அவளிடம் கேட்டால் எல்லாம் வெளிப்பட்டுவிடும். ரொறன்ரோவிலிருந்த மகளுக்குப் போன் எடுத்தார்.

"அப்பா, உங்களுக்குத் தெரியாதே?" என்றாள் கோபிகா. "நான் சின்னனிலை ஊசி பிடிச்சுக் குடுக்கிறனான். அதுக்கு முந்தின மாதம் நீங்கள் நிலாவரையிலை எடுத்த அளவைத்தான் அம்மா குண்டூசியாலை குத்துவா. பத்தொன்பது, ஆறு, அப்பிடி. எங்கை இருந்து வந்தது எண்டு அங்கை எடுக்கிறவைக்கு விளங்க வேணுமெல்லே எண்டுவா. பிறகு அடிக்கணக்குப் போய் மீற்றர் வந்தாப்போலை, புள்ளி எல்லாம் குத்த வேண்டியிருக்கெண்டு ஒரே புறுபுறுப்பு."

நடராசா தன்னுடைய இலக்கங்கள் கந்தோர் அலுமாரியில் தூசிபிடித்துக் கிடக்கின்றன என்றுதான் இவ்வளவு காலமும் நினைத்திருந்தார்.

"நான் பென்சன் எடுத்தாப் பிறகு? அளவு இல்லையே. அப்ப என்ன குத்தினவ?"

"அது தெரியாதப்பா. நானும் கேட்டனான். அது எனக்கும் கிணத்துக்கும் எண்டிட்டா."

ஆகவே அவருக்குத் தெரிந்த ஒரே வழியில் அவர் பொய்யைச் செய்தார். பழைய நாடாவைத் தேடியெடுத்து, நிலாவரைக்குப் போய், படியில் குந்தியிருந்து நீர்மட்டத்தை அளந்தார். பொய்யாக இருந்தாலும் இலக்கம் சரியாக இருக்க வேண்டும். மரத்தில் ஒரு காய் பிடுங்கி, மாட்டுக்கொட்டிலுக்குப் பின்னால் ஒளித்து நின்று, குண்டூசியால் அதைக் குத்தினார். தசமப் புள்ளி கொஞ்சம் பெரிதாகிவிட்டது. ஆடிப்பிறப்புக்கு முதல் நாள் பின்னேரம் அதை நனைத்து, ஈரக் கைலேஞ்சியில் சுற்றிக் கொண்டுவந்து நீட்டினார்.

"இஞ்சை பாரும் கலா. கீரிமலைப் பக்கம் போக வேண்டி வந்தது. கேணியிலை உது நிண்டது. அண்டைக்குப் போட்டது, இப்பதான் வந்திருக்கு."

உதயகலா மூக்குக்கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வாங்கினாள். யன்னல் வெளிச்சத்தில் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். விரலால் துளைகளைத் தடவினாள்.

"எப்ப அளந்தனீங்கள்?"

"நேற்று" என்றார், கேட்ட கேள்விக்குப் பதில் சொல்லிப் பழகிய வாய்.

"அப்ப இது வந்த தேசிக்காய் இல்லை" என்றாள் அவள். "இது போக வேண்டிய தேசிக்காய்."

நடராசா கதிரையில் இருந்தார். எல்லாவற்றையும் சொன்னார். கஜானன் நின்றதை, தேத்தண்ணிக்கு என்று சொன்னதை, பிழிந்து குடித்ததை, பெற்றோல் வரிசையை. அவள் குறுக்கிடாமல் கேட்டாள்.

"சீனி போட்டதோ?"

"சீனி இல்லை. பனங்கட்டி தந்தவர்."

அவளுடைய உதட்டு ஓரம் கொஞ்சம் அசைந்தது. நடராசா அதையே பார்த்துக்கொண்டிருந்தார். அது சிரிப்பாக வரவில்லை.

"அதிலை என்ன குத்தியிருந்தனீர்?"

"மறந்து போச்சு."

மறந்துதான் போய்விட்டதா, அல்லது அவருக்குச் சொல்ல அவளுக்கு விருப்பமில்லையா என்று நாடா விட்டுப் பார்க்க முடியாது.

"மூண்டு வருசமா" என்றாள் உதயகலா, தேசிக்காயை மேசையில் வைத்துக்கொண்டு, "அந்தக் கேணியை நினைச்சால் வெறும் தண்ணிதான் தெரியுது. நீங்கள் பார்த்த கேணி எண்டு இருந்தன். நீங்கள் பார்க்கவே இல்லை எண்டு இப்ப தெரியும். ஆனால் பாருங்கோ, இப்பவும் வெறும் தண்ணிதான் தெரியுது." கோபமாகச் சொல்லவில்லை. வெயில் எந்தச் சட்டியில் விழுகிறது என்று முந்திச் சொல்வதுபோலத்தான் சொன்னாள்.

"நாளைக்குப் போவம். ரெண்டுபேருமா."

"எனக்கு வேலை கிடக்கு. நீங்கள் வேணுமெண்டால் போய்ப் போட்டிட்டு வாங்கோ."

அவர் போனார். ஆடிப்பிறப்புக் காலையில் நிலாவரைப் படியில் நின்று, வாழ்நாளில் முதல் தடவையாக, தன் கையால் ஒரு தேசிக்காயைப் போட்டார். அது மிதந்தது. தெருவால் ஆட்கள் போனார்கள்; ஒருவன் மணியடித்து, "என்ன அண்ணை?" என்று கேட்டும் போனான். நடராசா திரும்பி, வயலைப் பார்த்துக்கொண்டு நின்றார், எவ்வளவு நேரம் நிற்க வேண்டும் என்று தெரியாமல். அந்த அளவை அவள்தான் அறிவாள். பிறகு திரும்பிப் பார்க்காமலே பஸ்ஸுக்கு நடந்தார்.

கீரிமலையில் பேப்பர் வாங்கவில்லை. ஆண்கள் கேணிப் படியில் இருந்து தண்ணீரையே பார்த்தார். பெடியன்கள் குதித்தார்கள். யாரோ தலையில் தேய்த்துவிட்டுப் போட்ட தேசிக்காய்ப் பாதிகள் மிதந்து வந்தன. ஒவ்வொன்றையும் எட்டி எடுத்துத் தோலைப் பார்த்தார். சுவருக்கு அங்கால் கடல் அடித்துக்கொண்டிருந்தது. மத்தியானத்துக்குப் பிறகு, பார்க்கிற வேலை இவ்வளவு கடினமா என்று நினைத்தார். இவ்வளவு வருடமும் அடுத்த கேணியில் ஒருத்தி தனியாக இதைச் செய்திருக்கிறாள்.

பொழுதுபட வெளியே வந்தபோது, தெருவோரம் கச்சான் கடலை விற்கிற செபஸ்தியம்மா கூப்பிட்டாள்.

"ஐயா, காலமை உள்ளுக்கை போனியள், முழுகவும் இல்லை. ஆரையும் தேடுறியளோ?"

நடராசா தயங்கினார். "தேசிக்காய்" என்றார்.

அவள் கச்சான் சுற்றின கையை நிறுத்தினாள். "நிலாவரையிலை போட்டதோ?"

"உமக்கு எப்பிடித் தெரியும்?"

"முந்தி ஒரு அம்மா ஆடிப்பிறப்புக்கு வருவா. பொம்பிளையள் கேணிப் படியிலை காலை விட்டுக்கொண்டு பொழுதுபடுமட்டும் இருப்பா. போகேக்கை, 'செபஸ்தியம்மா, பிந்தி வந்தால் எடுத்து வையும்' எண்டு சொல்லிப்போட்டுப் போவா."

"வந்ததோ?" என்று கேட்டார் நடராசா. கேட்ட பிறகுதான் தெரிந்தது, இந்தக் கேள்வியை அவர் ஒருநாளும் யாரிடமும் கேட்டதில்லை.

"கண்ணிலை படேல்லை ஐயா."

"வரேல்லையோ?"

"அதை ஆர் கண்டது? வரேல்லை எண்டு சொல்ல நான் என்ன கேணிக்குள்ளையோ குடியிருக்கிறன்? கண்ணிலை படேல்லை, அவ்வளவுதான் நான் சொல்லலாம்." கடதாசிச் சரையை நீட்டினாள். "அந்த அம்மாவும் இப்ப கொஞ்ச வருசமாக் கண்ணிலை படேல்லை."

பஸ்ஸில் யன்னலோரம் இருந்து நடராசா கச்சான் சரையைப் பிரிக்காமல் மடியில் வைத்திருந்தார். கண்ணிலை படேல்லை. பொய்யுமில்லை. ஆதாரத்துக்கும் குறைவில்லை. கந்தோர்க் கொப்பியில்கூட எழுதலாம். அவருடைய வாய்க்கென்றே செய்து வைத்ததுபோல ஒரு சொல், மூன்று வருடத்துக்கு முதல் அந்தக் கட்டிலடியில் அவர் நின்றபோது எங்கே போயிருந்தது? தெல்லிப்பழை, மல்லாகம், சுன்னாகம் என்று தரிப்பிடம் தரிப்பிடமாக அதை வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பதப்படுத்திக்கொண்டு வந்தார்.

வீட்டில் விளக்குப் போட்டிருந்தது. உதயகலா குசினியில் கூழைச் சூடாக்கிக்கொண்டிருந்தாள். படலை திறந்த சத்தம் கேட்டும் அவள் எட்டிப் பார்க்கவில்லை. நடராசா செருப்பைக் கழற்றினார். கால் கழுவினார். குசினி வாசலில் வந்து நின்றார். கச்சானை அலுமாரியில் ஊறுகாய்ப் போத்தல்களுக்குப் பக்கத்தில் வைத்தார். மறுபடி வந்து நின்றார். அவள் கேட்பாள் என்று நின்றார். அவள் பிலாவிலையைக் கரண்டிபோலக் கோலி ஈர்க்குக் குத்தி, கோப்பையில் கூழை வார்த்தாள்.

"கலா" என்றார் கடைசியில். "கண்ணிலை படேல்லை."

உதயகலா திரும்பி அவரைப் பார்த்தாள். வெயிலில் கறுத்திருந்தார். கைவிரல்களில் தேசிக்காய் மணம். ஏதோ பெரிய சங்கதி கொண்டுவந்த சின்னப்பிள்ளையைப்போல வாசலைப் பிடித்துக்கொண்டு நின்றார்.

"ஓம் ஓம்" என்றாள் அவள், மெதுவாக. "முதல்ல குடியுங்கோ. கூழ் ஆறுது."